மணி மூன்றாகியும் தூங்காத அம்மா



வானொலியில் இருப்பவர்களுக்கு இரண்டு வகை அழைப்புகள் வரும். நேரலையில் வருவது ஒன்று. பாட்டு கேட்பார்கள், பிறந்தநாள் வாழ்த்து சொல்வார்கள், மாமியாருக்குத் தெரியாமல் மாமியாரைப் பற்றியே குறை சொல்வார்கள். இன்னொன்று, நிகழ்ச்சி முடிந்து மைக்கை அணைத்த பிறகு வருவது. "ஏம்மா, இது ரேடியோவுல வராதுல்ல?" என்றுதான் அது தொடங்கும். அப்படித் தொடங்கினால் நான் நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்துவிடுவேன்.

அண்மையில் ஒரு வெள்ளிக்கிழமை இரவு அப்படி ஓர் அக்கா கூப்பிட்டார். அவரும் ஜுரு, நானும் ஜுரு. பெயரும் தாமானும் வேண்டாம். அவருக்கு 22 வயதில் ஒரே மகன். புக்கிட் மிஞ்ஞாக் பக்கம் ஒரு மின்னணுத் தொழிற்சாலையில் வேலை. வார நாளெல்லாம் ஒழுங்காகப் போய் வருகிறான். வெள்ளியும் சனியும் வந்துவிட்டால் கித்தாரை முதுகில் மாட்டிக்கொண்டு, மோட்டாரில் பாலம் ஏறி ஜோர்ஜ்டவுனுக்குப் போய்விடுகிறான். அங்கே ஓர் இடத்தில் பாடுகிறான். திரும்பி வரும்போது விடியற்காலை மூன்று மணி.

"அந்த மோட்டார் சத்தம் கேக்குற வரைக்கும் எனக்குத் தூக்கம் இல்லம்மா. பாலத்துல காத்து எப்படி அடிக்கும்னு உங்களுக்குத் தெரியும். உங்க நிகழ்ச்சிய அவன் விடாம கேப்பான். நீங்க ஒரு வார்த்தை சொல்லுங்க. அந்தக் கித்தாரக் கீழ வைக்கச் சொல்லுங்க."

பிறகு மூன்று கேள்விகள் கேட்டார். மூன்றையும் கையில் இருந்த தாளில் எழுதிக்கொண்டேன்.

ஒன்று: "இது ஒரு வேலையா? ஈபிஎஃப் பிடிப்பாங்களா, சொக்சோ உண்டா?"

இரண்டு: "அவன் பாடுறது நம்ம பாட்டே இல்லையே. யாரோ எவரோ பாடினத எதுக்கு இவன் பாடணும்?"

மூன்று: "கடைசில இதுல என்னம்மா மிஞ்சும்?"

எனக்கு உடனே பதில் வரவில்லை. நான் ஊடகத் துறையில் பட்டம் படிக்கப் போகிறேன் என்று சொன்ன அன்று என் அப்பா கேட்டதும் இதே முதல் கேள்விதான். "பேசுறதுக்கெல்லாம் யாரும் சம்பளம் குடுப்பாங்களா?" என்றார். அவர் கிண்டல் செய்யவில்லை. உண்மையிலேயே பயந்துதான் கேட்டார். இந்த அக்காவின் குரலிலும் அதே பயம் இருந்தது.

அக்காவிடம் அனுமதி கேட்டு அந்தத் தம்பிக்கு ஒரு செய்தி அனுப்பினேன். என்ன மாதிரிப் பாட்டு பாடுகிறாய் என்று கேட்டேன். "ப்ளூஸ், சோல் அக்கா. பி.பி. கிங் தெரியுமா?" என்று பதில் வந்தது.

தெரியாமல் என்ன? அவர் எங்கள் தொழில்காரர். பாடகராகப் பேர் வாங்குவதற்கு முன் அவர் வானொலி அறிவிப்பாளர். அவருடைய பெயரே வானொலி கொடுத்த பெயர். அக்காவின் மூன்று கேள்விகளுக்கும் பதில் தேட அவரிடமிருந்தே தொடங்குகிறேன். பிறகு நம் பினாங்குக்கும் ஈப்போவுக்கும் வருவோம்.

இது ஒரு வேலையா?

ரைலி பி. கிங் 1925 செப்டம்பர் 16 அன்று அமெரிக்காவின் மிசிசிப்பி மாநிலத்தில், ஒரு பருத்தித் தோட்டத்தில் பிறந்தார். சிறு வயதிலேயே அம்மா இறந்துவிட்டார். பாட்டியிடம் வளர்ந்தார். பஞ்சு பறித்தார், பிறகு இண்டியனோலா என்ற சிற்றூருக்கு அருகில் டிராக்டர் ஓட்டினார். தோட்டத்து முதலாளி, கூலி, கடன், ஞாயிற்றுக்கிழமைக் கோயில் பாட்டு. ரப்பர் தோட்டத்தில் தாத்தா பாட்டி இருந்த குடும்பங்களுக்கு இந்த வாழ்க்கையை விளக்கவே வேண்டாம். செடி வேறு, பெரட்டு வேறு, வெயில் ஒன்றுதான்.

1946இல் ஒரு நாள் வேலை முடிந்து டிராக்டரைக் கொட்டகையில் நிறுத்தும்போது அதன் புகைக்குழாய் இடித்து உடைந்துவிட்டது. முதலாளிக்குப் பயந்து கித்தாரைத் தூக்கிக்கொண்டு மெம்பிஸ் நகருக்கு ஓடினார். அங்கே அவருடைய உறவினர் புக்கா வைட் பெரிய ப்ளூஸ் கலைஞர். மாதக்கணக்கில் அவரிடம் இருந்து கற்றுக்கொண்டார். பிறகு என்ன செய்தார் தெரியுமா? தோட்டத்துக்குத் திரும்பி வந்து, உடைத்த சாமானுக்கான கடனை உழைத்துக் கழித்தார். கழித்த பிறகுதான் 1948இல் மறுபடியும் மெம்பிஸுக்குப் போனார். கலைஞன் என்றாலே பொறுப்பில்லாதவன் என்று நினைக்கும் பெற்றோருக்காக இந்தச் செய்தியை அடிக்கோடிட்டுச் சொல்கிறேன்.

மெம்பிஸில் டபிள்யூ.டி.ஐ.ஏ. என்றொரு வானொலி நிலையம் இருந்தது. கறுப்பின மக்களுக்காகவே நிகழ்ச்சிகளை ஒலிபரப்பிய அமெரிக்காவின் முதல் நிலையம் அது. அங்கே கிங்குக்குப் பத்து நிமிடம் கிடைத்தது. ஒரு டானிக் மருந்துக்கு விளம்பரப் பாட்டு பாடுவது வேலை. அன்றிரவு தான் எங்கே பாடப்போகிறார் என்பதை அறிவித்துக்கொள்ளலாம் என்பதுதான் அதில் முக்கியமான லாபம். பிறகு இசைத்தட்டு சுழற்றும் அறிவிப்பாளரானார். பீல் தெருவின் ப்ளூஸ் பையன் என்ற பொருளில் அவரை அழைத்தார்கள். அது சுருங்கி ப்ளூஸ் பாய் ஆனது, இன்னும் சுருங்கி பி.பி. ஆனது.

அவருக்கு நாடு முழுவதும் பேர் வாங்கிக் கொடுத்த முதல் பாட்டின் தலைப்பு 'மூன்று மணி ப்ளூஸ்'. விடியற்காலை மூன்று மணியாகியும் தூக்கம் வராத ஒருவனின் பாட்டு. 1952இல் கறுப்பின இசைப் பட்டியலில் முதலிடம் பிடித்தது. தம்பி, இதைப் படித்தால் கவனி. அமெரிக்காவில் அந்தப் பாட்டு இசைத்தட்டில் வந்தது. ஜுருவில் அதை உன் அம்மா வாரம் இரண்டு இரவு வாழ்ந்துகொண்டிருக்கிறார்.

சரி, வேலையா என்ற கேள்விக்கு வருகிறேன். 1956ஆம் ஆண்டில் மட்டும் பி.பி. கிங் 342 நிகழ்ச்சிகள் செய்தார். ஓர் ஆண்டுக்கு 365 நாள். மிச்சம் எத்தனை என்று நீங்களே கணக்குப் போடுங்கள். பேருந்தில் ஊர் ஊராகப் போய், சாமான் இறக்கி, பாடி, மறுபடி ஏற்றி, பேருந்திலேயே தூங்குவது. எந்தத் தொழிற்சாலையில் இத்தனை ஷிஃப்ட் இருக்கிறது?

அதற்கு அவர் கொடுத்த விலையையும் மறைக்கக் கூடாது. இரண்டு முறை திருமணம் செய்தார், இரண்டும் முறிந்தன. வீட்டில் இல்லாத கணவனோடு குடும்பம் நடத்துவது எளிதல்ல. பிற்காலத்தில் நீரிழிவு நோயோடு இருபது ஆண்டுகளுக்கு மேல் வாழ்ந்தார். ஆகவே அக்கா, இது வேலைதான். மற்ற வேலைகளைப் போலவே உடம்பையும் நேரத்தையும் தின்கிற வேலை. விளையாட்டு என்று நீங்கள் நினைத்தால் மகன் கோபப்படுவான். சுகமான வேலை என்று அவன் நினைத்தால் அவனும் ஏமாந்துபோவான்.

யாரோ பாடின பாட்டு எதற்கு?

இந்தக் கேள்விதான் என்னை அதிகம் யோசிக்க வைத்தது.

முதலில் ப்ளூஸ் என்றால் என்ன என்று சுருக்கமாகச் சொல்கிறேன். அதன் வழக்கமான அமைப்பு மிக எளிது. பன்னிரண்டு அளவு கொண்ட ஒரு சுற்று, மூன்று கார்டுகள். பாடகர் ஒரு வரியைச் சொல்வார். அதையே இன்னொரு முறை சொல்வார். மூன்றாவது வரி அதற்குப் பதிலாக வந்து விழும். வரிகளுக்கு இடையே உள்ள இடைவெளியில் கித்தார் பேசும். நம் வீட்டு இழவில் ஒரு பாட்டி ஒப்பாரியைத் தொடங்கி, சொன்னதையே திருப்பிச் சொல்லி, மற்றவர்கள் அதை ஏற்கும்போது ஒரு கனம் கூடுமே, அந்தக் கனம்தான் இதிலும் கூடுகிறது. இந்தச் சோகத்தோடு தேவாலயத்தில் பாடிப் பழகிய தொண்டை சேர்ந்தால், அதை சோல் ப்ளூஸ் என்கிறார்கள்.

பாடிக்கொண்டே கித்தார் வாசிக்கத் தனக்கு வராது என்று பி.பி. கிங்கே ஒப்புக்கொண்டவர். ஒரு வரி பாடுவார், நிறுத்துவார், பிறகு கித்தாரில் பதில் சொல்வார். கார்டு பிடிப்பதிலும் தான் கெட்டிக்காரன் இல்லை என்பார். அதனால் ஒவ்வொரு சுரமாகத்தான் எடுப்பார். இடக்கை விரலால் அந்தச் சுரத்தை அப்படியே நடுங்க வைப்பார். புக்கா வைட் நரம்பின்மேல் குழாயை வழுக்கி வாசிப்பதைப் போல வாசிக்க ஆசைப்பட்டு, அது வராமல், விரலை ஆட்டி ஆட்டிப் பிடித்த வித்தை அது. நம் ஊர் வீணைக்காரர் ஒருவர் கேட்டால், 'இது கமகம் மாதிரி இருக்கே' என்று நிமிர்ந்து உட்காருவார். தனக்கு வராத இரண்டு விஷயங்களிலிருந்து ஒரு பாணியை உண்டாக்கியவர் அவர்.

இப்போது அக்காவின் கேள்விக்கு நேரான பதில். 'மூன்று மணி ப்ளூஸ்' பி.பி. கிங் எழுதிய பாட்டே இல்லை. லோவெல் ஃபுல்சன் என்பவர் அதை முன்பே பாடி வெளியிட்டிருந்தார். உலகம் முழுவதும் அவருடைய பாட்டாக அறியப்பட்ட, கிராமி விருது வாங்கித் தந்த 'த த்ரில் இஸ் கான்' பாட்டும் ராய் ஹாக்கின்ஸ் 1951இல் பாடியதுதான். கிங் அதை 1969இல் எடுத்துப் பாடினார். இன்று அந்தப் பாட்டைச் சொன்னால் உலகத்துக்கு நினைவு வருவது கிங்கின் குரல்தான். முதல் வெற்றியும் பெரிய வெற்றியும் இரவல் பாட்டு!

அது அமெரிக்கா, நமக்கென்ன என்று கேட்பீர்கள். நமக்கும் உண்டு. அதுவும் பினாங்கிலேயே.

எனக்கு ஆறேழு வயது இருக்கும். அப்பாவின் பழைய காரில் பாலம் கடந்து தீவுக்குப் போகும்போது மலாய் வானொலியில் ஒரு குறிப்பிட்ட குழுவின் பாட்டு வந்தால், அப்பா பேச்சை நிறுத்திவிட்டு ஒலியைக் கூட்டுவார். "பாடுறது யாரு தெரியுமா? நம்ம பினாங்குத் தமிழ்ப் பையன்" என்பார். எனக்கு நம்ப முடியாது. அவ்வளவு இழைந்த மலாய். அவ்வளவு உருகிய குரல்.

அந்தக் குழுவின் பெயர் அலிகேட்ஸ். டேவிட் ஆறுமுகம், லோகநாதன் ஆறுமுகம் என்ற அண்ணன் தம்பிகள் பினாங்கில் 1960களின் கடைசியில் தொடங்கிய குழு. தலையில் பெரிய பந்து போல சுருட்டை முடி. 'ஆஃப்ரோ' என்பார்கள். அந்த முடியைப் பார்த்தாலே அவர்கள் யார் பாட்டைக் கேட்டு வளர்ந்தவர்கள் என்று தெரிந்துவிடும். பாடிப் பிழைக்க ஹாங்காங்குக்குப் போய், 1970களில் பல ஆண்டுகள் அங்கே மேடையேறினார்கள். இரவு விடுதியில் பாடுகிறவருக்குச் சொந்தப் பாட்டு என்று ஒன்று கிடையாது. வந்திருப்பவர் எதைக் கேட்கிறாரோ அதைப் பாட வேண்டும். பிடிக்கிற மாதிரி பாட வேண்டும். மறுநாளும் அவரை வரவைக்க வேண்டும். தொண்டைக்கு இதைவிடப் பெரிய பள்ளிக்கூடம் இல்லை.

நாடு திரும்பி மலாய்ப் பாடல்களைப் பதிவு செய்தபோது அந்தப் பயிற்சி எல்லாம் வெளியே வந்தது. சிங்கப்பூரில் பிறந்த எம். நாசிர், பின்னாளில் மலாய் இசை உலகில் பெரும்பெயர் ஆனவர், தம் ஆரம்ப காலத்தில் இவர்களுக்குப் பாடல்கள் அமைத்தார். 'செக்குந்தும் மாவார் மேரா செபுவா புய்சி', 'ஹிங்கா அக்கிர் நந்தி' என்று ஒன்றன்பின் ஒன்றாக வந்தன. மலாய்க்காரர் வீட்டுக் கல்யாணத்தில் இந்தப் பாட்டுகளைக் கேட்டிருப்பீர்கள். கராவோக்கேயில் சீன நண்பர் பாடிக் கேட்டிருப்பீர்கள். தாய்மொழி தமிழாக இருக்கும் இரண்டு பையன்கள், கறுப்பின அமெரிக்கர்களைக் கேட்டுப் பழக்கிய குரலில், மலாய்க்காரர் அமைத்த பாட்டைப் பாடி, மூன்று இனத்தாரையும் முணுமுணுக்க வைத்தார்கள். அது யாருடைய பாட்டு என்று இப்போது கேளுங்கள் பார்ப்போம்.

லோகநாதன் 2007 ஜூன் 4 அன்று நுரையீரல் புற்றுநோயால் காலமானார். அப்போது அவருக்கு 54 வயது. அலிகேட்ஸின் பிரபலமான பாட்டு ஒன்றின் தலைப்புக்கு 'நான் முதலில் போய்விட்டால்' என்று பொருள். அந்தச் செய்திக்குப் பிறகு அந்தப் பாட்டை முன்பு போலக் கேட்க முடியவில்லை. என் அப்பாவும் அதற்கு ஒலியைக் கூட்டுவதை விட்டுவிட்டார். டத்தோ டேவிட் ஆறுமுகம் தம்பி இல்லாத மேடையில் தொடர்ந்து பாடினார்.

ப்ளூஸ் இங்கே வந்து மலாய் வட்டாரப் பேச்சிலும் கலந்தது. ப்ளூஸ் கேங் குழு நெகிரி செம்பிலான் வழக்கில் பாடிய 'அப்போ நாக் டிகாத்தோ' பாட்டை உங்கள் வீட்டுப் பெரியவர்களிடம் கேட்டுப் பாருங்கள், தலையாட்டுவார்கள். மிசிசிப்பியிலிருந்து சிரம்பானுக்கு வரத் தெரிந்த பாட்டுக்கு ஜுருவுக்கு வரத் தெரியாதா?

அதனால் அக்கா, மகன் பாடுவது யாரோ எழுதியதாகவே இருக்கட்டும். அவன் எப்படிப் பாடுகிறான் என்பதுதான் கேள்வி. அதற்கு நீங்கள் ஒரு முறையாவது கேட்டிருக்க வேண்டுமே. கேட்டீர்களா என்று அன்று போனில் கேட்டேன். சற்று நேரம் பேச்சே இல்லை. "வீட்ல கதவச் சாத்திக்கிட்டு வாசிப்பான். சத்தம் வரும்" என்றார்.

கடைசியில் என்ன மிஞ்சும்?

பேரும் புகழும் கிடைத்தவர்களை மட்டும் சொல்லி இந்தக் கேள்வியை நான் ஏமாற்ற மாட்டேன். பெரும்பாலான கலைஞர்களுக்கு அது கிடைப்பதில்லை. ஆகவே ஈப்போவில் பிறந்த ஒருவரைப் பற்றிச் சொல்கிறேன். பால் பொன்னுதுரை.

பிறந்தது ஈப்போ, வாழ்ந்து பாடியது சிங்கப்பூர். கித்தார் வாசித்துக்கொண்டே பாடுவார். மதுக்கூடங்களில், சாப்பாட்டுக் கடைக்குப் பக்கத்தில் என்று இரவுதோறும் வாசித்தவர். எல்லோருக்கும் தெரிந்த பாட்டைத்தான் எடுப்பார். ஆனால் அதைக் கழற்றிப் போட்டு வேறு மாதிரி பூட்டிவிடுவார். தாளம் மாறும், வேகம் மாறும், ப்ளூஸும் சோலும் உள்ளே நுழையும். பாதி பாட்டு போன பிறகுதான், 'அட, இது அந்தப் பாட்டல்லவா' என்று பிடிபடும். இசைக்கலைஞர்கள் தங்கள் வேலை முடிந்ததும் அவரைக் கேட்கப் போவார்கள். வெளிநாட்டுப் பத்திரிகைகளும் தேடி வந்து எழுதின. ஆனால் அரங்கம் நிரப்பும் நட்சத்திரமாக அவர் ஆகவில்லை. 2012 ஜூலையில், 51 வயதில் மறைந்தார்.

மிஞ்சியது என்ன? அவரை நேரில் கேட்டவர்களிடம் ஒரு ராத்திரி மிஞ்சியிருக்கிறது. பக்கத்து மேசையில் சாப்பிட்டுக்கொண்டிருந்தவர் கரண்டியைக் கீழே வைத்த அந்த நிமிடம் மிஞ்சியிருக்கிறது. இதை வங்கியில் போட முடியாது என்று எனக்கும் தெரியும். வானொலியில் நாங்கள் பேசுவதும் பேசிய மறு நிமிடம் காற்றில் போய்விடும். ஆனாலும் பத்து வருடம் கழித்து யாராவது மாமாக் கடையில் நிறுத்தி, "நீங்க அன்னிக்குச் சொன்னது எனக்கு ரொம்ப ஆறுதலா இருந்துச்சு" என்று சொல்வார்கள். அந்த ஒரு வாக்கியத்துக்காகவே பல நாள் ஓடுகிறது.

பி.பி. கிங்கின் இன்னொரு கதை இங்கே பொருந்தும். 1949இன் குளிர்காலம். ஆர்கன்சா மாநிலத்தில் ட்விஸ்ட் என்ற சிற்றூர். ஒரு நடனக் கூடத்தில் வாசித்துக்கொண்டிருந்தார். குளிருக்காக ஒரு தொட்டியில் மண்ணெண்ணெய் எரிந்துகொண்டிருந்தது. இரண்டு பேர் சண்டையில் அதைத் தட்டிவிட, கூடம் பற்றிக்கொண்டது. எல்லோரும் வெளியே ஓடினார்கள். வெளியே வந்த கிங், கித்தாரை உள்ளேயே விட்டது நினைவுக்கு வர, எரிகிற கூடத்துக்குள் மறுபடி ஓடினார். அந்தக் கித்தாரின் விலை 30 டாலர். அந்தத் தீயில் இரண்டு பேர் இறந்துபோனார்கள். சண்டை லூசில் என்ற ஒரு பெண்ணுக்காக என்று மறுநாள் தெரிந்தது. இனி இப்படி ஒரு மடத்தனம் செய்யக்கூடாது என்று தனக்கே நினைவூட்டத்தான், அதன்பின் தன் கித்தார்களுக்கெல்லாம் லூசில் என்று பெயர் வைத்தார்.

தீக்குள் ஓடியதை மட்டும் சொல்லி வீரக்கதை ஆக்கிவிடுகிறார்கள். இனி ஓடமாட்டேன் என்று பெயர் வைத்ததை மறந்துவிடுகிறார்கள். இளைஞர்கள் இரண்டாவது பாதியைத்தான் எடுத்துக்கொள்ள வேண்டும். கித்தார் இன்னொன்று வாங்கலாம்.

கிங் 2015 மே 14 அன்று, 89 வயதில் இறந்தார். அவரை அடக்கம் செய்தது இண்டியனோலாவில், 2008இல் திறந்த அவருடைய அருங்காட்சியக வளாகத்தில். அங்கே இருக்கும் பழைய செங்கல் கட்டடம், அவர் இளம் வயதில் வேலை செய்த பஞ்சாலை. ஒரு தோட்டத் தொழிலாளிக்கு இப்படி மிஞ்சுவது அபூர்வம். எல்லோருக்கும் கிடைக்கும் என்று நான் சொல்லமாட்டேன்.

அந்த அக்காவுக்கு நான் சொன்னது

கித்தாரைக் கீழே வை என்று நான் சொல்லவில்லை. தொழிற்சாலை வேலையை விடு என்றும் சொல்லவில்லை. தம்பியிடம் மூன்று காரியம் சொன்னேன்.

முதலாவது, ஈபிஎஃப். யாரும் பிடிக்காவிட்டால் நீயே போட்டுக்கொள். சொந்தமாகத் தொழில் செய்கிறவர்கள் விருப்பப்பட்டுச் சேமிக்க ஊழியர் சேமநிதி வாரியத்தில் 'ஐ-சாரான்' திட்டம் இருக்கிறது. அரசாங்கமும் ஒரு பங்கு சேர்க்கும். சுயதொழில் செய்வோருக்கு பெர்கேசோவின் பாதுகாப்புத் திட்டமும் இருக்கிறது. 2017இல் டாக்சி ஓட்டுநர்களோடு தொடங்கியது, 2020 முதல் கலைத்துறைக்கும் விரிந்தது. மேடையில் வாங்கும் பணம் சம்பளம் என்று நீ முதலில் நம்பினால்தான் உன் அம்மா நம்புவார்.

இரண்டாவது, பாலம். மோட்டாருக்கு 2019 முதல் பாலத்தில் டோல் இல்லை, சரி. ஆனால் பன்னிரண்டு மணி நேர ஷிஃப்ட், மூன்று மணி நேரப் பாட்டு, அதன் பிறகு காற்றடிக்கும் பாலம் என்றால், அது எரிகிற கூடத்துக்குள் ஓடுவது போலத்தான். களைப்பாக இருந்தால் தீவிலேயே நண்பர் வீட்டில் தூங்கு. அம்மாவுக்கு ஒரு செய்தி அனுப்பிவிட்டுத் தூங்கு.

மூன்றாவது, அம்மாவை ஒரு முறை கூட்டிக்கொண்டு போ. அவருக்கு அங்கே போகத் தயக்கமாக இருந்தால், குடும்பங்கள் வரும் இடமாகப் பார்த்து ஒரு நாள் பாடு.

அக்காவிடம் ஒன்றே ஒன்றுதான் சொன்னேன். போய்க் கேளுங்கள். கேட்ட பிறகும் பிடிக்கவில்லை என்றால் என்னைக் கூப்பிடுங்கள், நானே அவனிடம் பேசுகிறேன்.

மூன்று வாரம் கழித்து அவருடைய குரல்பதிவு வந்தது. ஜுரு ஆட்டோ சிட்டி பக்கம் ஒரு ஞாயிற்றுக்கிழமை மாலை மகன் பாடினானாம். இவர் கடைசி வரிசையில் ஒரு நாற்காலியில் உட்கார்ந்திருந்தாராம். "இங்கிலீஷ் பாட்டுதாம்மா. ஒண்ணும் புரியல. பக்கத்துல ஒரு மலாய்க்காரம்மா, அது உன் மகனான்னு கேட்டுச்சு. ஆமான்னேன். பாதியில இவன் கண்ண மூடிக்கிட்டு ஒரு இழுப்பு இழுத்தான். எங்கப்பா செத்தப்போ எங்கம்மா அழுதது ஞாபகம் வந்துருச்சு. இவன் அதக் கேட்டதே இல்லையேம்மா. இவனுக்கு எப்படித் தெரியும்?"

இந்தக் கேள்விக்கு என்னிடம் பதில் இல்லை. பி.பி. கிங்கிடமும் இருந்திருக்காது.

சேமநிதிக்குப் பதிந்துவிட்டானா என்று கேட்டேன். பதிந்துவிட்டானாம். இப்போதாவது ராத்திரி தூங்குகிறீர்களா அக்கா என்றேன். சிரித்தார்.

"எங்கம்மா தூக்கம்? அதே மூணு மணிதான். முன்னெல்லாம் வந்தா திட்டுறதுக்கு முழிச்சிருப்பேன். இப்போ இன்னிக்கு என்ன பாட்டு பாடுனன்னு கேக்க முழிச்சிருக்கேன்."

அடுத்த வாரம் சந்திப்போம்.